மாதா கோவிலில் அக்கா கேட்டது

பொய் சொல்வது என்று முடிவானதும், அதை யார் சொல்வது என்பதில் எங்கள் குடும்பத்தில் ஒருவருக்கும் சந்தேகமே வரவில்லை. நான்தான். எனக்கு வாய் நீளம் என்று காலம் பூராவும் குறை சொன்னவர்கள், அன்றைக்கு மட்டும் அதைத் திறமை என்றார்கள்.

அக்கா பரமத்தி வேலூரில் இருக்கிறாள். கொஞ்சம் வெற்றிலைக் கொடிக்கால், இரண்டு எருமை, ஓட்டு வீடு. மாமா இறந்த பிறகு தனியாகத்தான் இருக்கிறாள். ஒரே மகன் போர்வெல் வண்டியோடு மத்தியப் பிரதேசத்தில் சுற்றிக்கொண்டிருப்பவன். பொங்கலுக்கும் மழைக்காலத்துக்கும்தான் ஊர்ப்பக்கம் வருவான். நான் நாமக்கல்லில் தையற்கடை வைத்திருக்கிறேன். ஒருநாள் அக்கா தன் ரவிக்கைகளை எல்லாம் ஒரு பையில் கொண்டுவந்து, தொளதொளவென்று இருக்கிறது, பிடித்துக் கொடு என்றாள். அளவு எடுக்க நாடாவைச் சுற்றினேன். முந்தைய அளவுக்கு நாலு அங்குலம் குறைந்திருந்தது. இத்தனை நாள் வயிறு எரியுது, வயிறு எரியுது என்று அவள் சொன்னதை நான் காரத்தைக் குறை என்று தள்ளிவிட்டிருந்தேன்.

பரமத்தி வேலூரிலேயே ஒரு டாக்டரிடம் காட்டினேன். அவர் வயிற்றை அழுத்திப் பார்த்தார். அக்காவை வெளியே உட்காரச் சொன்னார். என்னிடம் குரலைத் தாழ்த்தி, சேலத்துக்குக் கொண்டுபோய்க் குழாய் விட்டுப் பார்த்துவிடுங்கள், எனக்குச் சந்தேகமாக இருக்கிறது என்றார். என்ன சந்தேகம் என்று நான் கேட்கவில்லை. அவர் முகத்திலேயே இருந்தது.

அக்கா மகனுக்குப் போன் போட்டேன். பின்னால் துளை போடும் ரிக் ஓடுகிற சத்தத்துக்கு மேலே அவன் கத்தினான். "அம்மாவுக்குத் தெரிஞ்சுதுன்னா அன்னைக்கே படுத்துக்கும் சின்னம்மா. சொல்லிப்போடாதீங்க. எப்படியாவது சேலம் கூட்டிட்டுப் போயிருங்க."

அவன் சொன்னதில் புதிதாக ஒன்றும் இல்லை. எங்கள் பக்கத்தில் நோயாளியைத் தவிர ஊருக்கே நோய் தெரியும். பெரிய வியாதி என்றால் முதலில் மறைப்பது, பிறகுதான் வைத்தியம். நானும் அப்படியே வளர்ந்தவள். அது தப்பு என்று அன்றைக்கு எனக்குத் தோன்றவும் இல்லை.

ஆனால் அக்காவைச் சேலத்துக்குக் கிளப்புவது லேசான காரியம் இல்லை. மாமா ஆஸ்பத்திரிக்கு நடந்து போய் ஆம்புலன்ஸில் திரும்பி வந்தவர். அதிலிருந்து ஆஸ்பத்திரி என்ற பேச்செடுத்தால் அவள் கொடிக்காலுக்குள் புகுந்துகொள்வாள், பொழுது சாய்ந்தால்தான் வெளியே வருவாள். அதனால்தான் எனக்கு நோய் என்று சொல்ல வேண்டியதாயிற்று.

"எனக்கு மார்ல கட்டி மாதிரி இருக்குதுக்கா. சேலத்துல போயிப் பாக்கச் சொல்றாங்க. தனியாப் போவப் பயமா இருக்குது," என்றேன்.

"எங்க, காட்டு," என்றாள் உடனே.

"உள்ளுக்குள்ள இருக்குதாம். வெளிய தெரியாது."

அவள் என்னையே பார்த்தாள். பிறகு எருமைகளுக்குத் தண்ணீர் காட்டப் பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு வந்தாள். மறுநாள் முதல் பஸ்ஸில் எனக்கு முன்னால் ஏறி உட்கார்ந்து, ஜன்னலோரத்தை எனக்கு விட்டாள். ஏன் என் வீட்டுக்காரர் வரவில்லை என்று மட்டும் கேட்டாள். அவருக்கு வேலை என்றேன். உண்மையில் அவருக்குப் பொய் சொல்ல வராது, முகம் காட்டிக்கொடுத்துவிடும், அதனால் வீட்டிலேயே இருங்கள் என்று நான்தான் சொல்லியிருந்தேன்.

அந்த முதல் தடவை ஆஸ்பத்திரியில் எல்லாம் நடந்து முடிந்தது. வந்ததுதான் வந்தோம், உன் வயிற்று எரிச்சலுக்கும் பார்த்துவிடலாம், குடல் புண்ணாக இருக்கும் என்றேன். எனக்காகத்தான் வந்தோம் என்ற நினைப்பில், அவள் தனக்கு நடந்ததைப் பெரிதாகவே எடுத்துக்கொள்ளவில்லை. வாய் வழியாகக் குழாய் விட்டு, உள்ளே இருந்து கொஞ்சம் சதை எடுத்தார்கள். வெளியே வந்து தொண்டையைத் தடவிக்கொண்டே, "உனக்கு ஆயிப்போச்சா? வலிச்சுதா?" என்று என்னைக் கேட்டாள். நான் முழங்கை மடிப்பில் ஒரு பஞ்சை வைத்து ஒட்டிக்கொண்டு நின்றிருந்தேன். வலிக்கவில்லை என்றேன். அது மட்டும் உண்மை.

நான் சொல்ல வந்தது அதற்கு அடுத்த வாரம், முடிவு சொல்கிறோம் வாருங்கள் என்று கூப்பிட்ட சனிக்கிழமையைப் பற்றி. போனால், டாக்டர் ஒரு ஆபரேஷனில் இருக்கிறார், சாயங்காலம்தான் பார்ப்பார் என்றார்கள். ஆஸ்பத்திரி கூடத்தில் உட்கார்ந்திருக்க எனக்குப் பயம். நர்ஸ் வந்து அக்காவின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுவிட்டால்? ஒவ்வொரு முறை கதவு திறக்கும்போதும் நான் எழுந்து எழுந்து உட்கார்ந்தேன். என் பதைப்பைப் பார்த்து அக்கா வேறு அர்த்தம் பண்ணிக்கொண்டாள் என்று அப்போது எனக்குத் தெரியாது. ஜன்னல் வழியாகப் பக்கத்தில் தெரிந்த பழைய மாதா கோவில் கோபுரத்தைக் காட்டி, "வா, அங்க போயிட்டு வரலாம். இங்கயே குந்தியிருந்தா உனக்குக் கிறுக்குப் புடிச்சுரும்," என்றாள்.

வெள்ளைக்காரச் சாமியார்கள் கட்டிய கோவில் அது. வாசலில் ஒரு பலகை. பழைய தேவாலயமும் அதைச் சேர்ந்த மருந்தறையும் சனிக்கிழமைகளில் சுற்றிக் காட்டப்படும், அனைவரும் வரலாம் என்று எழுதியிருந்தது. கல்லூரிப் பிள்ளைகள் ஒரு கூட்டமாக ஏற்கெனவே நின்றிருந்தார்கள். எங்களையும் சேர்த்துக்கொண்டு சுற்றிக் காட்டக் கிளம்பினார் அந்தக் கோவிலின் உபதேசியார். ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளுக்கு ஜெபம் சொல்லிக்கொடுப்பவராம். வெள்ளை வேட்டி சட்டை, இடுப்பில் காய்கறி வண்டிக்காரர்கள் கட்டியிருக்கிற மாதிரி ஒரு சின்ன ஒலிபெருக்கி. பத்தடி தூரத்தில் நிற்கும் எங்களிடம் பேச அது எதற்கு என்று எனக்கு முதலிலேயே எரிச்சல் வந்தது. அன்றைக்கு எனக்கு எதைப் பார்த்தாலும் எரிச்சல்தான்.

"அன்பானவர்களே, இந்தச் சுவரைத் தொட்டுப் பாருங்கள்," என்று ஆரம்பித்தார். சிமெண்டு கிடையாது, சுண்ணாம்பையும் கடுக்காய்த் தண்ணீரையும் வெல்லத்தையும் மாடு கட்டிச் செக்கில் அரைத்துக் கட்டியது என்றார். "எறும்பு வராதா சார்?" என்று ஒரு பெண்பிள்ளை கேட்டது. மற்றதெல்லாம் சிரித்தன. உபதேசியாருக்கு முகம் சுருங்கிவிட்டது. வந்ததில்லை என்று சொல்லிவிட்டு அடுத்த தூணுக்குப் போய்விட்டார்.

உள்ளே குளிர்ச்சியாக இருந்தது. உயரமான கூரை, தேக்கு உத்தரம், கண்ணாடி ஜன்னல்களில் நீலமும் சிவப்புமாகச் சாமியார் படங்கள். தரையில் அங்கங்கே கருங்கல் பலகைகளில் எழுத்து வெட்டியிருந்தது. அடியில் பழைய சாமியார்களையும் கன்னியாஸ்திரிகளையும் அடக்கம் செய்திருக்கிறது என்றார் உபதேசியார். பிள்ளைகள் அதன் மேலேயே நின்று படம் பிடித்தார்கள். அக்கா என் முந்தானையைப் பிடித்து இழுத்தாள்.

"கீழ ஆளு படுத்திருக்குது. சுத்தி வா."

"செத்து நூறு வருசம் ஆயிருக்கும்க்கா."

"அதுக்கு? மிதிச்சுட்டுப் போவியா?"

அவளுக்காக நான் ஒவ்வொரு கல்லையும் சுற்றிச் சுற்றிப் போனேன். கையில் போன் அதிர்ந்துகொண்டே இருந்தது. அக்கா மகன். முடிவு வந்துவிட்டதா, வந்துவிட்டதா என்று கேட்டு அனுப்பிக்கொண்டிருந்தான். போனைக் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டேன். அக்கா அதையும் பார்த்தாள்.

பீடத்துக்கு இடப்பக்கம் மாதா நின்றிருந்தாள். ஆளுயரச் சிலை, நீலப் பட்டு சாத்தி, கழுத்தில் மல்லிகை. காலடியில் இருந்த கம்பியில் தகட்டில் செய்த கை, கால், கண் எல்லாம் தொங்கின. குணமானவர்கள் கொண்டுவந்து கட்டியது என்றார் உபதேசியார். நம் மாரியம்மன் கோவில்களில் கட்டுகிற அதே உருக்கள்தான். அக்காவுக்கு அதைப் பார்த்ததும் அந்நியம் போய்விட்டது.

"ஏனுங்க, எங்களாட்ட ஆளுக கேட்டாலும் குடுப்பாங்களா?" என்று அவரிடம் கேட்டாள்.

"மாதா சாதி மதம் பாக்குறதில்லீங்கம்மா. மனசாரக் கேட்டா குடுத்துருவாங்க," என்றார் அவர், ஒலிபெருக்கி வழியாகவே.

அக்கா மண்டியிட்டாள். முந்தானையை அவிழ்த்து இரண்டு கையாலும் விரித்து ஏந்தினாள். எங்கள் ஊர்ப்பக்கம் பெண்கள் அம்மனிடம் உயிர்போகிற காரியத்துக்குத்தான் அப்படி மடியேந்துவார்கள். மழை வேண்டும், விளைச்சல் வேண்டும் என்பதற்கெல்லாம் ஏந்துவதில்லை. மகனுக்காக இருக்கும், ரிக் வண்டி வேலையில் ஆபத்து அதிகம் என்று நினைத்தேன். உதடு அசைந்துகொண்டே இருந்தது. கூட்டம் நகர்ந்துவிட்டது. போதும் வாக்கா என்று இரண்டு தடவை கூப்பிட்டேன். மூன்றாவது தடவை அதட்டினேன். கடைசியில் அவள் ஏந்திய முந்தானையில் எதையோ வாங்கிக்கொண்டவள் போலச் சுருட்டி மடியில் செருகிக்கொண்டு எழுந்தாள். அவள் முகம் தெளிந்திருந்தது. என்னால் அதைப் பார்க்க முடியவில்லை. சாயங்காலம் என்ன வரப்போகிறது என்று நினைத்தேன்.

மருந்தறை கோவிலுக்குப் பின்னால், முற்றத்தைத் தாண்டி இருந்தது. ஊரில் டாக்டரே இல்லாத காலத்தில் கன்னியாஸ்திரிகள் அங்கேயே மருந்து கலந்து கொடுத்தார்களாம். சுவர் முழுக்க மர அலமாரிகள். பழுப்பிலும் நீலத்திலும் கண்ணாடிப் புட்டிகள், மூடி போட்ட பீங்கான் ஜாடிகள், சின்னத் தராசு, உரலும் உலக்கையுமாக ஒரு பீங்கான் கல்வம், மாத்திரை உருட்டுகிற பலகை. எல்லாவற்றையும் துடைத்துப் பளிச்சென்று வைத்திருந்தார்கள். ஆனாலும் அந்த அறைக்கு மருந்து வாசனை போகவில்லை. அக்காவுக்கு அந்த வாசனை குமட்டியது போல. முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டாள்.

"இப்ப நீங்க ஒண்ணு கவனிக்கணும்," என்று உபதேசியார் குரலை உயர்த்தினார். "இந்த அறைக்கு ரெண்டு ஜன்னல். ஏன்?"

பிள்ளைகள் காற்றுக்கு என்றார்கள், வெளிச்சத்துக்கு என்றார்கள். அவர் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டி இல்லை என்று சொல்லிச் சந்தோஷப்பட்டார். பிறகு விளக்கினார். முன்பக்க ஜன்னல் நோயாளிக்கு. அவன் கொண்டுவந்த புட்டியில் மருந்து ஊற்றி, வேளைக்கு இவ்வளவு என்று காகிதம் வெட்டி ஒட்டிக் கொடுப்பார்கள். பக்கவாட்டு ஜன்னல் கூட வந்தவர்களுக்கு. இனிப் பிழைக்க மாட்டான் என்று தெரிந்துவிட்டால் சொந்தக்காரர்களை அந்தப் பக்கம் கூப்பிட்டு விஷயத்தைச் சொல்லிவிடுவார்கள். நோயாளிக்கு இந்தப் பக்கம் சர்க்கரைத் தண்ணீரில் சிவப்புச் சாயம் கலந்து புட்டியை நிரப்பிக் கொடுப்பார்கள். அவன் நம்பிக்கையோடு குடித்துக்கொண்டிருப்பான்.

"ஒரு ஜன்னல்ல மருந்து, ஒரு ஜன்னல்ல உண்மை," என்று முடித்தார். நிறைய தடவை சொல்லிப் பழகிய வாக்கியம். பிள்ளைகள் அதை மறுபடி சொல்லச் சொல்லிப் படம் எடுத்துக்கொண்டார்கள்.

நான் நின்றிருந்தது அந்தப் பக்கவாட்டு ஜன்னலின் ஓரத்தில்தான். அங்கிருந்து வெளியே போய்விட வேண்டும் என்று திரும்பினால், அக்கா உபதேசியாருக்கு நேரே போய் நின்றிருந்தாள்.

"அப்ப சாவறவனுக்கு மட்டும் தெரியாதுங்களா?"

"மனசு ஒடஞ்சிரும்னுதாங்கம்மா. ஒரு கருணைதான்."

"என்னங்க கருணை?" என்றாள் அக்கா. அவள் அவ்வளவு சத்தமாகப் பேசி நான் கேட்டதில்லை. "அவனுக்கு ஆடு மாடு இருந்திருக்கும். கட்டிக்குடுக்கப் புள்ள இருந்திருக்கும். அண்ணன் தம்பிகிட்டப் பேசாம இருந்திருப்பான், தெரிஞ்சிருந்தா போயிப் பேசியிருப்பான். செவப்புத் தண்ணியக் குடுத்துக் குந்த வெச்சுப்போட்டீங்களே, அவன் எதையுமே பண்ணாமயில்ல போயிருப்பான்?"

உபதேசியார் ஒலிபெருக்கியை அணைத்துவிட்டார். நான் அக்காவின் கையைப் பிடித்து, சும்மா இரு, பேசாமல் வா என்றேன். அவள் என்னைத் திருப்பிப் பிடித்துக்கொண்டு முற்றத்துக்கு இழுத்துப் போனாள். ஒரு பாதாம் மரத்தடியில் நிறுத்தினாள்.

"நான் அந்தப் பாவத்தைப் பண்ண மாட்டேன் புள்ள. உங்கிட்டச் சொல்லிப்போடறேன். என்ற மகன் சொல்லாதீங்கன்னுதான் சொன்னான். உனக்கு வந்திருக்கறது புத்து நோயாம். உனக்குத் தெரியக்கூடாதுன்னு மறைக்கறாங்க."

ஒரு நிமிஷம் எனக்கு எதுவுமே புரியவில்லை. பிறகு எல்லாம் சேர்ந்தாற்போலப் புரிந்தது. என் கட்டிக் கதையில் அம்மாவுக்கு நம்பிக்கை போதாமல் போய்விடுமோ என்று அந்த மடையன் தன் பங்குக்கு ஒரு முடிச்சுப் போட்டிருக்கிறான். சின்னம்மாவுக்குத்தான் கேன்சர், அவரிடம் மூச்சு விட்டுவிடாதே, கூடப் போய் வா என்று சொல்லியிருக்கிறான். ஆக அத்தனை நாளும் நான் அவளிடம் மறைத்துக்கொண்டிருந்தேன். அவள் என்னிடம் மறைத்துக்கொண்டிருந்தாள். பஸ்ஸில் ஜன்னலோரம் கொடுத்ததும், நான் பதறும்போதெல்லாம் என் முதுகைத் தடவியதும் அதனால்தான். அவன் மட்டும் அப்போது எதிரில் இருந்திருந்தால் கன்னத்தில் அறைந்திருப்பேன்.

என் முகத்தைப் பார்த்து அக்கா பயந்துவிட்டாள். "பயப்படாத. உனக்கு ஒண்ணும் ஆவாது. நான் அந்த ஆத்தாகிட்ட மடியேந்திட்டேன். என்ற தங்கச்சிக்கு வயசு இருக்குது, கடை இருக்குது, அவ புருசனுக்கு ஒரு டீ வெச்சுக் குடிக்கத் தெரியாது. எனக்கு என்ன இருக்குது? அவகிட்ட இருந்து எடுத்து எனக்குக் குடுத்துரு ஆத்தான்னு கேட்டுட்டேன்."

நான் அழுதேன். நடுமுற்றத்தில், உபதேசியாரும் பிள்ளைகளும் மருந்தறை வாசலில் நின்று பார்க்க, வாய்விட்டு அழுதேன். அழுதுகொண்டே சொன்னேன். "எனக்கு ஒண்ணுமே இல்லக்கா. எப்பவுமே இல்ல. உன்னைய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டு வரத்தான் அப்படிச் சொன்னோம். உன்ற வயித்துலதான் சந்தேகமாச் சொல்றாங்க."

அவள் கையை விடவில்லை. நான் திட்டு வாங்கத் தயாராக இருந்தேன். அடித்தாலும் வாங்கிக்கொண்டிருப்பேன்.

"சந்தேகந்தானா? இன்னும் தெரியாதா?" என்றாள்.

"சாயங்காலம்தான் சொல்லுவாங்க."

அவள் திரும்பிக் கோவிலைப் பார்த்தாள். பிறகு மெதுவாகச் சிரித்தாள். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் அப்போது எனக்குப் புரியவில்லை. அதிர்ச்சி என்று நினைத்துக்கொண்டேன்.

சாயங்காலம் டாக்டர் அறைக்குள் போனதும் அவர் வழக்கம்போல, பேஷண்ட் கொஞ்சம் வெளியே இருக்கட்டும் என்று என்னைப் பார்த்துச் சொன்னார். "நான்தானுங்க பேசண்ட்டு. எங்கிட்டயே சொல்லுங்க," என்று அக்கா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அவர் சொன்னார். இரைப்பையில் புற்று. வெளியே பரவவில்லை. ஒரு பகுதியை வெட்டி எடுத்துவிட்டு மருந்து கொடுத்தால் நல்ல வாய்ப்பு இருக்கிறது. ஆனால் தள்ளிப்போடக் கூடாது. அக்கா கவனமாகக் கேட்டாள். கொண்டுவந்திருந்த வெற்றிலைக் கட்டை அவர் மேஜைமேல் வைத்தாள். "ரொம்ப நன்றிங்க. ஆப்பரேசன் எல்லாம் வேண்டாமுங்க," என்று எழுந்துவிட்டாள். பஸ் ஏறியதும் மகனுக்குப் போன் போடச் சொல்லி வாங்கினாள். அவள் குரலில் அத்தனை சந்தோஷம். "சாமி, சின்னம்மாளுக்கு ஒண்ணுமில்ல சாமி. எல்லாஞ் சரியாப் போச்சு." மறுமுனையில் அவன் என்ன செய்திருப்பான் என்று எனக்குத் தெரியாது.

மத்தியப் பிரதேசத்திலிருந்து வண்டியை நிறுத்திவிட்டு வந்து மகன் அவள் காலில் விழுந்தான். என் வீட்டுக்காரர் வந்து பேசினார். ஒறம்பரை, சொந்தபந்தம் எல்லாம் வந்து பேசினார்கள். அக்கா யாருக்கும் மசியவில்லை. ஆஸ்பத்திரி பயம் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். வயிற்றைப் பிடித்துக்கொண்டு அவள் சுருண்டு கிடந்த ஒரு மத்தியானம், நான் பொறுக்க முடியாமல் கத்தினேன். சாவதற்கு அவ்வளவு ஆசையா, எங்களைப் பார்த்தால் பாவமாக இல்லையா என்று கேட்டேன். அப்போதுதான் சொன்னாள்.

"எனக்குச் சரியாப் போச்சுன்னா அது எங்க போவும் புள்ள? உங்கிட்டத்தான் திரும்பி வரும். கேட்டு வாங்குனதைத் திரும்பிக் குடுக்க முடியாது."

அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் அன்றைக்குத்தான் விளங்கியது. என் நோயை அவள் மாதாவிடம் கேட்டாள்; சாயங்காலமே டாக்டர் அவளுக்கு என்று சொல்லிவிட்டார். இதில் அவளுக்கு எங்கே சந்தேகம் வரும்? அது மாதக்கணக்காக உன் வயிற்றில் இருந்தது, ரவிக்கை தொளதொளத்தது எப்போது என்று யோசித்துப் பார் என்றேன். அது குடல் புண், நீதானே சொன்னாய் என்றாள். நான் சொன்ன ஒவ்வொரு பொய்யும் திரும்பி வந்து என் எதிரிலேயே நின்றது.

பிடிவாதம் எனக்கும் உண்டு. நேராகப் போய் எனக்கு ஸ்கேன் எடுத்துக்கொண்டேன். ஒன்றுமில்லை என்று கையில் வாங்கி வந்து அவள் முன்னால் விரித்தேன். பார், எனக்கு எப்போதும் எதுவும் இருந்ததில்லை என்றேன். அவள் அந்தப் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். முகமெல்லாம் மலர்ந்தது.

"பாத்தியா? சுத்தமாப் போயிருச்சு," என்றாள்.

அன்று இரவு நான் சாப்பிடவில்லை. இன்னொரு பொய் சொல்லிப் பார்க்கலாம் என்று என் வீட்டுக்காரர்கூடச் சொன்னார். பொய் சொல்லவே வராத அவர். எனக்கு வாய் வரவில்லை. காலையில் கடையைத் திறக்காமல் சேலத்துக்குத் தனியாகப் பஸ் ஏறினேன்.

எனக்குச் சாமி பக்தி எல்லாம் ஒன்றும் பெரிதாகக் கிடையாது. திருச்செங்கோட்டு மலைக்கே தேருக்குத் தேர்தான் போவேன். ஆனால் அந்த மாதா முன்னால் மண்டியிட்டு முந்தானையை விரித்தேன். விளையாட்டு இல்லை என்று உடம்புக்குத் தெரிந்துவிட்டது. என் வீட்டுக்காரர் நினைப்பு வந்தது, கடை நினைப்பு வந்தது, தைத்து முடிக்காத கல்யாண ரவிக்கைகள் நினைப்பு வந்தது. கேட்கலாமா வேண்டாமா என்று வெகுநேரம் அப்படியே ஏந்திக்கொண்டிருந்தேன். பிறகு கேட்டேன். வாய்விட்டுத்தான் கேட்டேன்.

அங்கிருந்து நேரே பரமத்தி வேலூருக்கு வந்தேன். அக்கா கொடிக்காலில் இருந்தாள். முடியாத உடம்போடு வெற்றிலை கிள்ளிக்கொண்டிருந்தாள்.

"நானும் போயி மடியேந்திட்டு வந்துட்டேன்," என்றேன்.

"என்னன்னு?"

"அக்கா ஆப்பரேசன் பண்ணிக்கிட்டா அந்த நோயி ரெண்டு பேருக்கும் இல்லாம ஒழிஞ்சுரோணும், பண்ணிக்காம செத்தா அன்னைக்கே எனக்கு வந்துரோணும்னு."

அவள் கையிலிருந்த வெற்றிலை எல்லாம் வரப்பில் கொட்டியது. என் தோளிலும் முதுகிலும் மாறி மாறி அடித்தாள். அவ்வளவு பலம் அந்த உடம்பில் எங்கே மிச்சம் இருந்ததோ. அறிவு கெட்டவளே, குடி கெடுத்தவளே என்று திட்டினாள். போய் அந்த ஆத்தாளிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வா என்று என்னைப் பிடித்துத் தள்ளினாள்.

"கேட்டதைத் திரும்பிக் குடுக்க முடியாதுன்னு நீதானே சொன்ன," என்றேன். நானும் அழுதுகொண்டுதான் இருந்தேன்.

அவள் அடிப்பதை நிறுத்திவிட்டு வரப்பில் உட்கார்ந்தாள். மூச்சு வாங்கியது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு குனிந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து அவள் முதுகைத் தடவினேன். என் கையைத் தட்டிவிட்டாள். பிறகு அதே கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அந்த டாக்டருக்குப் போனைப் போடு," என்றாள். "நாளைக்கே அறுக்கச் சொல்லு. உனக்கு வாரதுக்கு முந்தி."